ஜெபர்சனை எதிர்த்த சின்னஞ்சிறு பத்திரிகை

வணக்கம் நேயர்களே. அமெரிக்க அதிபர்களும் பத்திரிகைகளும் மோதிக்கொண்ட வரலாறு என்றதும் அதிபர் நிக்சனைப் பதவி விலகச் செய்த வாட்டர்கேட் ஊழல்தான் பலருக்கும் நினைவுக்கு வரும். அதைவிட மிகப் பழைய, ஆனால் என் பார்வையில் அதற்குச் சற்றும் குறையாத ஒரு வழக்கைப் பற்றி, அதாவது அதிபர் தாமஸ் ஜெபர்சனை விமர்சித்த ஹாரி கிராஸ்வெல் என்ற பத்திரிகையாளர் மீதான வழக்கைப் பற்றி, இன்று பேசுகிறேன்.

1798-இல் அதிபர் ஜான் ஆடம்ஸ் கையெழுத்திட்ட ராஜதுரோகச் சட்டம், அரசையோ காங்கிரஸ் எனப்படும் அமெரிக்க நாடாளுமன்றத்தையோ அதிபரையோ பற்றிப் பொய்யாகவும் பழித்தும் எழுதுவோருக்கு 2 ஆண்டு வரை சிறையும் 2,000 டாலர் வரை அபராதமும் விதிக்க வழிசெய்தது. அதன் வாசகத்தை ஊன்றிப் படித்தால், பாதுகாக்கப்பட்டோர் பட்டியலில் துணை அதிபர் மட்டும் இல்லாதது கண்ணில் படும். அப்போது அந்தப் பதவியில் இருந்தவர் ஆடம்ஸின் அரசியல் எதிரியான தாமஸ் ஜெபர்சன். ஆளுங்கட்சியின் உள்நோக்கத்துக்கு இதைவிட வேறு சாட்சி வேண்டியதில்லை.

அந்தச் சட்டத்தின்கீழ் ஜேம்ஸ் காலண்டர் என்ற எழுத்தாளர் ஆடம்ஸைத் தாக்கி எழுதியதற்காக 9 மாதச் சிறைத்தண்டனை பெற்றார். அவருக்கு மறைமுகமாகப் பணம் கொடுத்து வந்தவர் ஜெபர்சன். 1801-இல் அதிபரானதும் ஜெபர்சன் அவருக்கு மன்னிப்பு வழங்கினார். ஆனால் காலண்டர் எதிர்பார்த்த அஞ்சல்துறைப் பதவி கிடைக்கவில்லை. மனம் கசந்த அவர், பணம் வாங்கிய கதையைத் தாமே வெளியிட்டுவிட்டார்.

நியூயார்க் மாநிலத்தின் ஹட்சன் ஊரில் 'தி வாஸ்ப்' என்ற சிறு பத்திரிகையை நடத்திய ஹாரி கிராஸ்வெல், முதல் அதிபர் ஜார்ஜ் வாஷிங்டனைத் துரோகி என்று ஏச ஜெபர்சன்தான் காலண்டருக்குப் பணம் கொடுத்தார் என எழுதினார். ஜெபர்சனின் கட்சியைச் சேர்ந்த மாநில அரசு வழக்கறிஞர் அவர்மீது அவதூறு வழக்கு தொடுத்தார். 1803-இல் நடந்த விசாரணையில், எழுதியது உண்மை என்று நிரூபிக்க கிராஸ்வெல் தரப்பு அனுமதி கேட்டபோது, உண்மையா பொய்யா என்பது இங்கு கேள்வியே இல்லை என்று நீதிபதி கூறிவிட்டார். ஆடம்ஸின் கொடுஞ்சட்டம்கூட உண்மையை எதிர்வாதமாக ஏற்றிருந்தது; பத்திரிகைச் சுதந்திரத்தின் காவலர் என்று போற்றப்பட்ட ஜெபர்சனின் ஆட்சிக்காலத்தில், அவர் கட்சிக்காரர்கள் நடத்திய வழக்கில், அந்த வாய்ப்பும் மறுக்கப்பட்டது. இதைச் சொல்லும்போது எனக்கு இன்றும் மனம் பதறுகிறது.

மேல்முறையீட்டில் கிராஸ்வெலுக்காக, கட்டணம் வாங்காமல், வாதாட வந்தவர் அமெரிக்காவின் முதல் நிதியமைச்சராக இருந்த அலெக்சாண்டர் ஹாமில்டன். அவர் ஜெபர்சனின் பரம எதிரி என்பதும், சொந்தக் கட்சிக்காக நியூயார்க்கில் ஒரு பத்திரிகையைத் தொடங்கியவர் என்பதும் உண்மையே. ஆனாலும் 1804 பிப்ரவரியில் ஆல்பனி நீதிமன்றத்தில், நல்நோக்கத்துடன் உண்மையை வெளியிடுவது குற்றமாகாது என்று அவர் வைத்த வாதம் கட்சிப் பகையைத் தாண்டி நின்றது. நான்கு நீதிபதிகளும் இருவர் இருவராகப் பிரிந்ததால் வழக்கில் அவருக்கு வெற்றி கிட்டவில்லை. அதே ஆண்டு ஜூலையில் அவர் துப்பாக்கிச் சண்டையில் இறந்தார். அவருடைய வாதத்தை ஒட்டி 1805-இல் நியூயார்க் சட்டமன்றம் புதிய சட்டம் இயற்றியது. 1821-இல் அந்த விதி மாநில அரசமைப்பிலும் இடம்பெற்றது.