யோம் ஹே ரான்: சிற்றரங்கிலிருந்து சின்னத்திரைக்கு

நேயர்களுக்கு வணக்கம்.

தென்கொரியாவின் ஜெஜு தீவு, 1960ஐ ஒட்டிய காலம். கணவனை இழந்து மறுமணம் செய்துகொண்ட ஒரு பெண் கடலுக்குள் மூச்சடக்கி மூழ்கி, சிப்பிகளைப் பெயர்த்தெடுத்து விற்றுப் பிழைக்கிறாள். முதல் கணவனுக்குப் பிறந்த மகள் அந்தக் கணவனின் சொந்தக்காரர் வீட்டில் வளர்கிறாள். சாப்பாட்டில் மகளுக்கு மட்டும் மீன் வைக்காமல் விடுகிறார்கள் என்று தாய்க்குத் தெரிய வருகிறது. கிளம்பிப் போய், நியாயம் கேட்டு, மகளைக் கூட்டிக்கொண்டு வந்துவிடுகிறாள். 2025 மார்ச்சில் நெட்ஃபிளிக்ஸில் வந்த ‘வென் லைஃப் கிவ்ஸ் யூ டேஞ்சரின்ஸ்’ தொடரில் வரும் குவாங் ரே அவள். தொடர் 16 பகுதிகள் ஓடுகிறது, ஆனால் குவாங் ரே தொடக்கத்திலேயே இறந்துபோகிறாள். அதன்பிறகு மகளின் முழு வாழ்க்கையையும், பேத்தியின் வாழ்க்கையையும் பார்க்கிறோம். அத்தனை நேரமும் அந்தத் தாய் பக்கத்து அறையில் இருப்பதுபோலவே நமக்குத் தோன்றுகிறது.

கதைப்படி அவள் சாகும்போது வயது 29. நடித்தவர் ஐம்பதை நெருங்கிக்கொண்டிருந்தார். யோம் ஹே ரான் என்பது அவர் பெயர். கொரியத் தொடர்கள் பார்க்கிறவர்களுக்குப் பெயர் பிடிபடாமல் போகலாம், முகம் நிச்சயம் தெரிந்திருக்கும். தொலைக்காட்சிக்கு வரும்போது அவருக்கு வயது 40. அதற்கு முந்தைய பதினைந்து ஆண்டுகளை மேடையில் கழித்திருந்தார். அந்தப் பதினைந்து ஆண்டுகளுக்கும் இந்தக் குவாங் ரேக்கும் என்ன தொடர்பு என்பதைத்தான் இன்று பேச விரும்புகிறேன்.

யோம் ஹே ரான் 1976இல் கொரியாவின் தென்கரையில் உள்ள யோசு என்ற துறைமுக நகரத்தில் பிறந்தவர். கொரிய இலக்கியம் படித்தவர். 2000இல் சியோலின் யோனு முதே நாடகக் குழுவில் சேர்ந்தார். கொரிய நவீன நாடகத்தில் பெயர் பெற்ற குழு அது. கொரியாவை உலுக்கிய தொடர்கொலை வழக்கு ஒன்றை வைத்து, கிம் குவாங் ரிம் எழுதிய நாடகத்தை 1996இல் மேடையேற்றியது அந்தக் குழுதான். அந்த நாடகத்தை அடிப்படையாகக் கொண்டுதான் போங் ஜூன் ஹோ 2003இல் ‘மெமரிஸ் ஆஃப் மர்டர்’ படத்தை எடுத்தார். அந்தப் படத்தில் ஒரு சின்ன வேடம் யோம் ஹே ரானுக்குக் கிடைத்தது. ஆனால் அது அவரைத் திரைக்கு இழுத்துக்கொண்டு போய்விடவில்லை. அவர் மேடைக்கே திரும்பினார்.

மேடை என்றால் தேஹாங்னோ, சியோலின் நாடகப் பகுதி. சியோல் தேசியப் பல்கலைக்கழகம் 1975இல் அந்தப் பகுதியை விட்டு வேறிடம் போனது. அதன்பிறகு அங்கே கொஞ்சம் கொஞ்சமாக நாடக அரங்குகள் முளைத்தன. பலவும் கட்டடத்தின் அடித்தளத்தில் இருக்கும் சிற்றரங்குகள். நூறு, நூற்றைம்பது பேர் உட்காரலாம். முதல் வரிசையில் இருப்பவர் காலை நீட்டினால் நடிகர் மேல் படும். இந்த இடத்தில் ஒன்றைச் சொல்லியாக வேண்டும். மேடை நடிகர் கேமரா முன்னால் வந்தால் சத்தமாகப் பேசுவார், கையைக் காலை ஆட்டுவார், எல்லாவற்றையும் பெரிதாகக் காட்டுவார் என்று ஒரு பொதுவான எண்ணம் உண்டு. பெரிய மன்றங்களில் நடித்துப் பழகியவர்களுக்கு அது பொருந்தலாம். தேஹாங்னோ சிற்றரங்கில் வளர்ந்தவர்களுக்குப் பொருந்தாது. அங்கே மூச்சு இழுக்கும் சத்தம் கடைசி வரிசை வரை கேட்கும், தொண்டை அடைப்பது தெரியும். க்ளோசப் என்பது அவர்களுக்குப் புதிய விஷயமே இல்லை.

அந்த அரங்குகளுக்கென்று இன்னொரு வழக்கமும் இருக்கிறது. ஆள் பஞ்சம் காரணமாக ஒரே நடிகர் ஒரே நாடகத்தில் ஐந்து வேடம், பத்து வேடம் போடுவார். ‘மல்ட்டிமேன்’ என்றே அவர்களை அழைப்பார்கள். ஹக்ஜோன் அரங்கில் 1994 முதல் ஆயிரக்கணக்கான காட்சிகள் ஓடிய ‘சுரங்க ரயில் 1ஆம் வழித்தடம்’ என்ற இசை நாடகத்தில் பதினோரு நடிகர்கள் சேர்ந்து எண்பதுக்கும் மேற்பட்ட பாத்திரங்களை ஏற்றார்கள். பின்னால் போய்ச் சட்டை மாற்றிக்கொண்டு வருவதற்குள் இன்னொரு மனிதராகிவிட வேண்டும். நடை ஒன்று, குரல் ஒன்று, கையில் ஒரு பை, அவ்வளவுதான் மூலதனம். பார்வையாளர் இந்த ஆள் யார், எங்கிருந்து வருகிறார், எதற்காகக் கோபமாக இருக்கிறார் என்பதை உடனே புரிந்துகொள்ள வேண்டும். இப்போது தொலைக்காட்சித் துணைப் பாத்திரத்தை எண்ணிப் பாருங்கள். ஒரு பகுதியில் மூன்று நிமிடம், அடுத்த பகுதியில் இரண்டு நிமிடம். அதற்குள் ஒரு வாழ்க்கை தெரிய வேண்டும். இதற்கு இதைவிடப் பொருத்தமான பயிற்சி வேறு இருக்கிறதா என்று எனக்குத் தெரியவில்லை.

சரி, அப்படியிருந்தும் ஏன் 40 வயது வரை அவர் தொலைக்காட்சிக்கு வரவில்லை? கதவு சாத்தியிருந்தது என்பதே பதில். கொரியாவின் பெரிய தொலைக்காட்சி நிறுவனங்கள் நீண்ட காலம் பொதுத்தேர்வு வைத்துத் தங்களுக்கென்று நடிகர்களை எடுத்துக்கொண்டன. அப்படி உள்ளே வந்தவர்களே நாயகி, தோழி, அத்தை, பக்கத்து வீட்டுக்காரர் என்று எல்லா இடங்களையும் நிரப்பினார்கள். 2000களின் பின்பாதியில் அந்த முறை வழக்கொழிந்தது. அதே காலத்தில் டிவிஎன், பிறகு 2011இல் ஜேடிபிசி எனக் கேபிள் அலைவரிசைகள் வந்தன. பெரிய நட்சத்திரங்களைத் தேடி ஓடுவதைவிட, நம்பும்படியான முகங்களைத் தேடுவது அவற்றுக்குப் பொருத்தமாக இருந்தது. 2014இல் கிம் வோன் சோக் இயக்கிய ‘மிசேங்’ அலுவலகத் தொடரில் மேடையிலிருந்து வந்த நடிகர்கள் வரிசையாக மேசைகளில் உட்கார்ந்திருந்தார்கள். தேகுவிலும் பிறகு சியோலிலும் நாடகம் போட்டுவிட்டு வந்த லீ சுங் மின் அதில் முக்கியப் பாத்திரம். பார்த்தவர்கள் இது நம் ஆபீஸ்தான் என்றார்கள். 2016 ஜனவரியில் நெட்ஃபிளிக்ஸும் கொரியாவுக்குள் வந்தது. அதன்பிறகு தேவை கூடிக்கொண்டே போனது.

யோம் ஹே ரானுக்குக் கதவு திறந்தது மேடையில் வைத்தேதான். 2015இல் அமெரிக்க நாடக ஆசிரியர் மார்ஷா நார்மனின் ஒரு நாடகம் சியோலில் நடந்தது. ஒரே இரவு, ஒரே வீடு, தாயும் மகளும் மட்டும். மூத்த நடிகை நா முன் ஹீ தாயாகவும் யோம் ஹே ரான் மகளாகவும் நடித்தார்கள். நா முன் ஹீ 1961இல் வானொலிக் குரல் நடிகையாகத் தன் தொழிலைத் தொடங்கியவர் என்பதை வானொலியில் பேசும்போது சொல்லாமல் இருக்க முடியாது. அந்த நாடகத்தைப் பார்க்க வந்தவர்களில் தொலைக்காட்சித் தொடர் எழுத்தாளர் நோ ஹீ கியோங்கும் ஒருவர். அடுத்த ஆண்டு டிவிஎன்னில் வந்த அவருடைய ‘டியர் மை ஃப்ரெண்ட்ஸ்’ தொடரில் நா முன் ஹீயின் மகளாக யோம் ஹே ரானையே போட்டார். மேடையில் தாய், மகளாக இருந்தவர்கள் திரையிலும் தாய், மகளானார்கள்.

மேடையிலிருந்து போகிறவருக்குத் தொலைக்காட்சி எளிதான இடமில்லை. நாடகத்துக்கு வாரக்கணக்கில் ஒத்திகை இருக்கும். எதிரே நிற்பவரின் ஒவ்வொரு அசைவும் பழகிவிடும். தொடர் ஷூட்டிங்கில் துணை நடிகர் காலையில் போவார், தன் ‘கணவனை’ அன்றுதான் முதல்முறை பார்ப்பார், மதியத்துக்குள் இருபது வருடம் குடும்பம் நடத்தியவர்போல் சண்டை போட வேண்டும். கடைசிக் காட்சியை முதலில் எடுப்பார்கள். ஒரே அழுகையை முதலில் தள்ளி நின்று எடுப்பார்கள், பிறகு கிட்டே வந்து எடுப்பார்கள், பிறகு எதிரில் இருப்பவரின் முகத்துக்காக மீண்டும் அழச் சொல்வார்கள். மேடையில் இரண்டு மணி நேரத்தில் ஏறி இறங்கும் உணர்ச்சியை இங்கே துண்டு துண்டாக வெட்டி, வரிசை மாற்றிக் கேட்கிறார்கள். முழு வரைபடமும் நடிகரின் தலைக்குள் இருந்தாக வேண்டும், வேறு யாரும் அதை வைத்திருக்க மாட்டார்கள். ஊதியத்திலும் ஒரு படிநிலை உண்டு. ஒளிபரப்பு நிறுவனங்களில் வயது வந்த நடிகர்களை 6 முதல் 18 வரை தரம் பிரித்திருக்கிறார்கள். மேடையில் பல ஆண்டு நின்றிருந்தாலும் புதிதாக வருகிறவர் பெரும்பாலும் அடியில் இருந்துதான் தொடங்குகிறார். இது எனக்கு நியாயமாகப் படவில்லை.

இன்னொரு ஆபத்தும் இருந்தது. நாற்பது வயதுப் பெண் நடிகைக்குத் தொலைக்காட்சி என்ன கொடுக்கும்? அத்தை, சித்தி, அம்மா. அவருடைய இரண்டாவது பெரிய வாய்ப்பு அப்படித்தான் வந்தது. 2016 டிசம்பரில் தொடங்கிய ‘காப்ளின்’ தொடரில் நாயகியைக் கொடுமைப்படுத்தும் சித்தி வேடம். தொடர் பெரும் வெற்றி, அந்தக் கொடுமைக்காரியும் எல்லோருக்கும் தெரிந்த முகமானார். அதிலேயே நின்றுபோயிருக்கலாம். நிற்கவில்லை. 2019இல் ‘வென் தி கமீலியா ப்ளூம்ஸ்’ தொடரில் ஹோங் ஜா யோங் என்ற வழக்கறிஞர் வேடம் கிடைத்தது. நேர்த்தியான உடை, அளந்து பேசும் பேச்சு, குழந்தைத்தனமான கணவனை ஒரு பார்வையில் நிறுத்தும் அதிகாரம். கணவனாக நடித்த ஓ ஜோங் செயுடன் அவர் மோதும் காட்சிகளில் கதாநாயகனும் நாயகியும் பக்கத்தில் இல்லாததை நாம் கவனிப்பதே இல்லை. அவருடைய திரைவாழ்வின் திருப்பம் எது என்று கேட்டால் நான் இதைத்தான் சொல்வேன். அத்தையும் அம்மாவும் என்ற வட்டத்துக்கு வெளியே, விரும்பத்தக்க, கூர்மையான, நடுவயதுப் பெண்ணாக அவரை ஒரு நாடே பார்த்தது அப்போதுதான்.

அதன்பிறகு வந்தவற்றை வேகமாகச் சொல்லிவிடுகிறேன். ‘தி அன்கேனி கவுன்ட்டர்’ தொடரில் நூடுல்ஸ் கடையில் சமைத்துக்கொண்டே பேய்களை வேட்டையாடும் சூ மே ஓக். ‘மாஸ்க் கேர்ள்’ தொடரில் இறந்த மகனுக்காகப் பழிவாங்கக் கிளம்பும் தாய் கிம் கியோங் ஜா, வாயில் ஜோல்லா வட்டாரப் பேச்சு. அவர் பிறந்த மண்ணின் பேச்சு அது. கொரியத் திரைக்கும் தொலைக்காட்சிக்கும் மேடைக்கும் வழங்கப்படும் பேக்சாங் கலை விருதுகளில் தொலைக்காட்சிக்கான சிறந்த துணை நடிகை விருதை 2021, 2024, 2025 என மூன்று முறை பெற்றார். மூன்றாவது விருது குவாங் ரேக்கு.

விருதுப் பட்டியலைவிட எனக்கு முக்கியமாகப் படும் ஒன்று இருக்கிறது. கொரியத் தொலைக்காட்சி இந்த நடிகர்களைத் தானே உருவாக்கவில்லை. வேறொருவர் செலவில், பெரும்பாலும் அந்த நடிகர்களின் சொந்தப் பசியின் செலவில், அவர்கள் உருவானார்கள். ஹக்ஜோன் அரங்கை 1991இல் தொடங்கிய பாடகரும் இயக்குநருமான கிம் மின் கி, நாடக நடிகர்களுக்கு எழுத்துப்பூர்வ ஒப்பந்தம் கொடுத்து, வசூலைத் திறந்து காட்டிப் பங்கிட்டவர். அன்றைக்கு அது அபூர்வம். சோல் கியோங் கு, ஹ்வாங் ஜங் மின், ஜோ சுங் வூ என இன்று நட்சத்திரங்களாக இருப்பவர்கள் அந்தச் சிற்றரங்கில் பழகியவர்கள். 2011 ஜனவரியில் ஓர் இளம் திரைக்கதை எழுத்தாளர் வறுமையில் நோயுற்று இறந்தது கொரியாவை உலுக்கியது. அந்த ஆண்டே கலைஞர் நலச் சட்டம் வந்தது. ஆனாலும் ஹக்ஜோன் தாக்குப்பிடிக்கவில்லை. நிதி நெருக்கடியாலும் கிம் மின் கியின் நோயாலும் 2024 மார்ச்சில் மூடப்பட்டது. அதே ஆண்டு ஜூலையில் அவரும் காலமானார். கட்டடத்தைக் கொரியக் கலை மன்றம் எடுத்துக் குழந்தைகளுக்கான அரங்காக நடத்துகிறது. உலகெங்கும் விற்பனையாகும் தொடர்களில் இந்த நடிகர்களின் முகம் இருக்கிறது. அந்த வருமானத்தில் ஒரு சிறு பங்காவது தேஹாங்னோவின் அடித்தள அரங்குகளுக்குத் திரும்பிப் போக வேண்டும் என்று நான் நினைக்கிறேன். நடிகர்களின் பெருந்தன்மையை நம்பி இதை விட முடியாது. தயாரிப்பு நிறுவனங்கள் பொறுப்பேற்க வேண்டும்.

நேயர்களே, வாய்ப்புக் கிடைத்தால் இரண்டு தொடர்களை அடுத்தடுத்துப் பாருங்கள். முதலில் ‘டியர் மை ஃப்ரெண்ட்ஸ்’. அதில் யோம் ஹே ரான் கணவனிடம் அடிபட்டு அதைப் பெற்றோரிடமிருந்து மறைக்கும் மகள். தோள் குறுகியிருக்கும், பேச்சு பாதியில் நிற்கும். பிறகு ‘தி குளோரி’. ‘காப்ளின்’ எழுதிய கிம் உன் சுக்தான் அதையும் எழுதினார். கொடுமைக்கார சித்தியாக அவரைப் போட்டவர், இம்முறை அடிபடும் மனைவி காங் ஹியோன் நாமாகப் போட்டார். அடி ஒன்றுதான், காயம் ஒன்றுதான். ஆனால் இந்தப் பெண் சிரிக்கிறாள். ஒளிந்து நின்று புகைப்படம் எடுக்கிறாள், வேவு பார்க்கிறாள், அடி வாங்கினாலும் தான் கலகலப்பான பெண் என்று தன்னைப் பற்றித் தானே சொல்லிக்கொள்கிறாள். அவள் சிரிக்கும்போது கன்னம் மேலே போகிறது, கண் மட்டும் கதவுப் பக்கமே இருக்கிறது, எப்போது திறக்குமோ என்று. எழுத்தாளர் எழுதிக் கொடுத்தது வசனத்தை. கண்ணைக் கதவுப் பக்கம் வைத்தது யோம் ஹே ரான்.

நன்றி. வணக்கம்.