கறுப்புப் பட்டுக்கு அப்புறமும் ஒரு முசிதோரா

வணக்கம். ஏறக்குறைய ஏழு மணிநேரம் ஓடும் ஒரு மௌனப் படத்தை மூன்று ராத்திரியாகப் பிரித்துப் பார்த்து முடித்திருக்கிறேன். 1915இல் பிரான்ஸில் வெளிவர ஆரம்பித்த 'லே வாம்பீர்'. மொத்தம் பத்துப் பாகம். தயாரித்தது கோமோன் நிறுவனம், இயக்கியவர் லூயி ஃபுயாட். இன்றைக்கு நான் பேசப்போவது அதில் வில்லியாக வரும் முசிதோராவைப் பற்றி.

முதலில் ஒரு காட்சியைச் சொல்லிவிடுகிறேன். மூன்றாம் பாகம். ஒரு கேளிக்கை விடுதியின் சுவரொட்டியில் பாடகியின் பெயர் இருக்கிறது: இர்மா வெப். முசிதோராவின் வேடம் அதுதான். பத்திரிகை நிருபரான கதாநாயகன் அதையே உற்றுப் பார்த்துக்கொண்டு நிற்கிறான். பார்த்துக்கொண்டிருக்கும்போதே சுவரொட்டியில் உள்ள எழுத்துகள் நகர ஆரம்பிக்கின்றன. பிரெஞ்சில் அந்தப் பெயருக்கு ஏழு எழுத்து. ஏழும் இடம் மாறி 'வாம்பீர்' என்று வந்து நிற்கின்றன! வாம்பீர் என்றால் ரத்தம் குடிக்கிற பேய், ஆனால் படத்தில் அப்படி எதுவும் கிடையாது. பாரிஸை நடுங்க வைக்கும் ஒரு திருட்டுக் கும்பலுக்குத்தான் அந்தப் பெயர். அந்த இடத்தை மட்டும் நான் நாலு தடவை திருப்பிப் போட்டுப் பார்த்தேன்.

முசிதோரா என்றாலே எல்லோரும் காட்டுவது ஒரே படத்தைத்தான். உடம்போடு ஒட்டிய கறுப்புப் பட்டு உடை, தலையையும் மூடியிருக்கும், கண்ணைச் சுற்றி அடர்ந்த மை. அந்தக் காலத்துப் படச்சுருளில் சிவப்பு கறுப்பாகப் பதியும், நீலம் வெளிறிப்போகும். அதனால் நடிகர்கள் எல்லோருமே முகத்துக்குக் கனமாகத்தான் ஒப்பனை போட்டார்கள். ஆனால் இவருடைய கண் மட்டும் வேறு. அசையாமல் ஒரு பக்கமாகப் பார்ப்பார், அடுத்து ஏதோ நடக்கப்போகிறது என்று நமக்குத் தெரிந்துவிடும். இத்தனைக்கும் அந்தக் கறுப்பு உடையில் அவர் வருவது கொஞ்ச நேரம்தான். மற்ற நேரமெல்லாம் வேலைக்காரியாக, வங்கியில் வேலை பார்க்கும் பெண்ணாக, கால்சட்டை போட்ட இளைஞனாக மாறிக்கொண்டே இருக்கிறார். என்னைக் கேட்டால் உண்மையான நடிப்பு அங்கேதான் இருக்கிறது.

அது முதல் உலகப் போர் நடந்துகொண்டிருந்த நேரம். போர்முனை பாரிஸிலிருந்து சுமார் நூறு கிலோமீட்டர்தான். படத்தில் தெருக்கள் வெறிச்சோடிக் கிடப்பதைப் பார்த்தாலே வயிற்றைப் பிசைகிறது. குற்றவாளிகளை இவ்வளவு கவர்ச்சியாகக் காட்டலாமா என்று காவல்துறை கொஞ்ச நாள் தடைகூடப் போட்டது. ஆனாலும் ஜனங்கள் பார்த்தார்கள். அடுத்து ஃபுயாடின் 'ழுதெக்ஸ்' தொடரிலும் இவர்தான் வில்லி, டயானா மோந்தி.

சரி, யார் இவர்? இயற்பெயர் ழான் ரோக், 1889இல் பாரிஸில் பிறந்தவர். அப்பா இசையமைப்பாளர், சோஷலிஸ்ட். அம்மா ஓவியர், பெண்ணுரிமை பேசியவர். முசிதோரா என்ற பெயரை தெயோஃபில் கோத்தியேவின் நாவலிலிருந்து தானே எடுத்து வைத்துக்கொண்டார். மேடைக்காரி. எழுத்தாளர் கொலெத் அவருக்கு நெருங்கிய தோழி.

எனக்கு மனத்தாங்கல் இங்கேதான். இவரைப் பற்றிய பேச்சு பெரும்பாலும் அந்தக் கறுப்பு உடையோடு நின்றுவிடுகிறது. ஆனால் 1918லேயே அவர் இயக்கத்துக்கு வந்துவிட்டார். கொலெத்தின் கதைகளைப் படமாக்கினார், சொந்தப் பெயரில் நிறுவனம் தொடங்கினார். அப்புறம் ஸ்பெயினுக்குப் போனார். குதிரையில் அமர்ந்து காளையோடு மோதும் கோர்தோபாக்காரர் அந்தோனியோ கன்யேரோ மேல் அவருக்குக் காதல்.

அங்கே 1922இல் எடுத்த 'சோல் இ சோம்ப்ரா'வில் (வெயிலும் நிழலும்) இரண்டு வேடம் கட்டினார். ஒருத்தி கறுத்த கூந்தல் ஸ்பானியப் பெண், இன்னொருத்தி பொன்னிறக் கூந்தல் வெளிநாட்டுக்காரி, இரண்டு பேரும் ஒரே காளைச் சண்டை வீரனைச் சுற்றி வருகிறார்கள். ஸ்டுடியோ அரங்கம் இல்லை, அசல் வெயில், அசல் சுண்ணாம்புச் சுவர். பெயருக்கு ஏற்றபடி பாதித் திரை வெளிச்சம், பாதி நிழல். 1924இல் 'லா தியெர்ரா தே லோஸ் தோரோஸ்' (காளைகளின் நிலம்) எடுத்தார். இதில் நடுவில் திரையை நிறுத்திவிட்டு முசிதோராவே மேடைக்கு வருவார். சற்று முன் திரையில் பார்த்த ஆள் கண்ணெதிரே வந்து நின்றால் எப்படி இருந்திருக்கும்! கொலெத்தின் கதைகளில் எடுத்த படங்கள் இன்று இல்லை, தொலைந்துவிட்டன. இந்த இரண்டு ஸ்பெயின் படங்களும் தப்பிப் பிழைத்தன.

1927இல் ஒரு மருத்துவரைத் திருமணம் செய்துகொண்டார், சினிமா அதோடு விலகிப்போனது. நாவலும் கவிதையும் எழுதினார். 1928இல் கவிஞர்கள் லூயி ஆராகோனும் ஆந்த்ரே பிரெத்தோனும் சேர்ந்து இவரை மனதில் வைத்து ஒரு நாடகமே எழுதினார்கள்.

1940களில் மறுபடி சினிமா பக்கம் வந்தார், இந்தத் தடவை பாரிஸின் சினிமாதெக் என்ற திரைப்படக் காப்பகத்தில். ஆன்ரி லாங்லுவா பழைய படச்சுருள்களைத் தேடித் தேடிச் சேர்த்துக்கொண்டிருந்த இடம் அது. முசிதோரா அங்கே மௌனப் படக் காலத்து ஆட்களின் நினைவுகளைத் திரட்டும் வேலையைச் செய்தார். சில நாள் டிக்கெட் கவுண்டரிலும் உட்காருவாராம். இர்மா வெப்பைப் பார்க்க வந்தவர்கள் அவர் கையிலேயே டிக்கெட் வாங்கிக்கொண்டு, யார் என்று தெரியாமல் உள்ளே போவார்களாம். 1957இல் காலமானார்.

பார்க்க நினைப்பவர்கள் மூன்றாம் பாகத்திலிருந்து ஆரம்பியுங்கள், முசிதோரா வருவதே அங்கேதான். முதல் இரண்டையும் அப்புறம் பார்த்துக்கொள்ளலாம். சுவரொட்டிக் காட்சி வரும்போது மட்டும் கைபேசியைக் கீழே வைத்துவிடுங்கள்.