பட்டாபிக்கு விருது குடுத்தா உங்களுக்கு என்னய்யா வலிக்குது? | பாம்பன் வ்லாக்

வணக்கம் மக்களே. பாம்பன் குந்துகால்ல இருந்துதான் பேசுறேன், வழக்கமான இடம், பின்னாடி வழக்கமான படகு. இன்னைக்கு மீன் இல்ல, கருவாடு இல்ல, பாம்பன் புது ரயில் பாலமும் இல்ல. பாலம் போதும்ப்பா. 2025 ஏப்ரல்ல தொறந்ததுல இருந்து அதையே காட்டிக்கிட்டு இருக்கேன், அது மேல ஏறி எறங்குறதப் பாத்துப் பாத்து எனக்கே கழுத்து வலி. இன்னைக்கு நடிகர் எம்.எஸ்.பாஸ்கர், அதான் நம்ம டிவி பட்டாபி.

ஒரு நிமிசம், காத்து கேக்குதா? கச்சான் காத்து இன்னும் ஓயல. போன வீடியோல பாதிப் பேரு "அண்ணே ஹெலிகாப்டர்ல இருந்தா பேசுறீங்க"ன்னு கேட்டு வச்சிருந்தீங்க. சரின்னு ராமநாதபுரம் போயி, மைக்குல மாட்டுவாங்கள்ல, புசுபுசுன்னு ஒரு உறை, அதைக் கேட்டா 450 ரூவாங்குறாங்க. மைக்கே 1,100 ரூவாதான்யா! உறைக்கு 450ன்னா, அந்த முடி என்ன இமயமலை ஆட்டுலயா புடுங்குனது? கொறைக்க மாட்டேன்னுட்டாங்க, நானும் வாங்க மாட்டேன்னுட்டு வந்துட்டேன். வீட்டுல அக்கா மகளோட பழைய கம்பளித் தொப்பி கெடந்துச்சு. உச்சியில இருக்குற அந்தப் பந்து இருக்கு பாருங்க, அதை அறுத்து, நடுவுல கீறி, மைக்குல சொருகி ரப்பர் பேண்டு போட்டாச்சு. இந்தா, கிட்ட காட்டுறேன். ரோஸ் கலரு. சிரிச்சுக்கோங்க. செலவு பத்து காசு கிடையாது. அக்காவுக்கு மட்டும் இந்த வீடியோவ அனுப்பிறாதீங்க.

சரி, விஷயத்துக்கு வாரேன். 2025 செப்டம்பர் 23, டெல்லி, ஜனாதிபதி கையால தேசிய விருது வாங்குறாரு மனுசன். 71ஆவது தேசிய திரைப்பட விருது, 2023ல வந்த படங்களுக்கு. சிறந்த துணை நடிகர். 'பார்க்கிங்' படத்துக்காக. அந்த கிளிப்ப ஸ்டேட்டஸ்ல வச்சேன். ஒரு தம்பி, ஊர்க்காரப் பயதான், பேரு சொல்லல, "காமெடி பீஸுக்கெல்லாம் நேஷனல் அவார்டா அண்ணே"ன்னு சிரிக்கிற பொம்மை போட்டு அனுப்புறான். எனக்கு ராத்திரி முழுக்க வயிறு எரிஞ்சுச்சு. அதான் காலையிலேயே கேமராவத் தூக்கிட்டேன்.

தம்பி, அந்த ஆளு அடிப்படையில டப்பிங்காரரு. மூஞ்சியக் காட்டி நாம அடையாளம் கண்டுக்குறதுக்கு முன்னாடியே அவரு குரலு நம்ம வீட்டு டிவிக்குள்ள இருந்துச்சு. டப்பிங்னா சும்மா பேசிட்டுப் போறதுன்னு நெனைக்கிற. எவனோ ஒருத்தன் வேற பாஷையில வாயசைக்கிறான், அவன் வாய் மூடுறதுக்குள்ள தமிழ் வசனம் முடியணும். அவன் மூச்சு வாங்குனா நீயும் வாங்கணும். அழுதுட்டே சாப்புடுறான்னா நீயும் அந்தச் சோத்த வாயில வச்ச மாதிரி அழணும். கண்ணு, கை, காலு எதுவும் ஒதவாது, தொண்டை மட்டும்தான். வருசக்கணக்கா அதைச் செஞ்சவருக்கு, கேமரா முன்னாடி நிக்கிறப்ப குரலு தனியா நடிக்கும். 'பார்க்கிங்' படத்துல கத்துறத விட, கத்தாம அடக்கி வச்சுப் பேசுற எடத்துலதான் எனக்குப் பயமா இருந்துச்சு.

பட்டாபி பட்டாபின்னு எங்க அப்பத்தா இன்னும் அப்படித்தான் கூப்புடுது. சன் டிவில 'சின்ன பாப்பா பெரிய பாப்பா' ஓடுன காலத்துல எங்க தெருவுல அவருக்கு வேற பேரே கிடையாது. ஜனாதிபதி மேடையில பாத்தப்பவும் "ஏய், பட்டாபி கோட்டு போட்டுருக்கான்டா"ன்னுதான் கத்துச்சு. அதுல எனக்கு ஒரு கோவமும் இல்ல. அப்பத்தா பாசத்துல சொல்லுது, நீ எளக்காரமா சொல்ற.

2007ல 'மொழி'. எல்லாரும் ஜோதிகாவப் பத்தியே பேசுனாங்க, பேச வேண்டியதுதான். ஆனா அதுல இவரு ஒரு புரொபசரா வருவாரு, மகன் செத்த அதிர்ச்சியில 1984லயே நின்னு போனவரு. நாட்டு நடப்பு எல்லாம் அவருக்கு 1984தான். மொதல்ல சிரிக்கிறோம். அப்புறம் மகன் இல்லன்னு அவருக்கு ஒறைக்கிற எடத்துல, சிரிச்ச வாயி அப்படியே நிக்குது. இதைச் செய்ய காமெடியும் தெரியணும், அழவும் தெரியணும். பெரிய ஹீரோக்கள்ல எத்தனை பேருக்கு ரெண்டும் வரும்? பேரு சொன்னா அவங்க ரசிகர்கள் பாம்பன் பாலத்த மறிச்சுருவாங்க.

அப்புறம் 2017ல '8 தோட்டாக்கள்'. ஹீரோ வெற்றிகிட்ட தன் வாழ்க்கைக் கதையச் சொல்ற அந்த நீளமான காட்சி. சண்டை இல்ல, பாட்டு இல்ல. பேசுறாரு, அவ்ளோதான். நான் போனத் தூக்கி அங்கிட்டு வச்சுட்டேன், என்னையத் தெரிஞ்சவங்களுக்குத் தெரியும் அது எவ்ளோ பெரிய விஷயம்னு.

ஆங், சொல்ல மறந்துட்டேன், நடுவுல ராதிகா மேடத்தோட 'செல்வி' சீரியல்லயும் இருந்தாரு. சீரியல்னா கேவலமாப் பாக்குற ஆளுங்களும் எனக்கு ஆகாது. '96'ல சின்ன வயசு விஜய் சேதுபதியா வந்த பையன் இவரு மகன்தான், இது பாதிப் பேருக்குத் தெரியாது.

'பார்க்கிங்' கதை தெரியும்ல? ஒரே வீட்டுல ரெண்டு குடித்தனம், வண்டி நிறுத்துற எடத்துக்குச் சண்டை. இவரு பல வருசமா அங்கயே குடியிருக்குற அரசாங்க உத்தியோகஸ்தரு, ஹரிஷ் கல்யாண் புதுசாக் கார் வாங்குன ஐடி பையன். எங்க தெருவுல ஐஸ் வண்டி நிறுத்துற எடத்துக்கு நடக்குற சண்டையப் பாத்தவனுக்கு அது கதையே இல்ல, வாரா வாரம் நடக்குறது. வில்லன் மாதிரி நடிக்கவே இல்ல அவரு. "நான் நியாயமானவன்"னு கடைசி வரைக்கும் நம்புற ஒரு மனுசன், அவ்ளோதான். வில்லன விட அவனோட மல்லுக்கட்டுறதுதான் கஷ்டம்.

இன்னொருத்தன், "பாதி விருதுதானே, மலையாளத்துக்காரரோட பங்கு போட்டதுதானே"ங்குறான். ஆமா, 'பூக்காலம்' படத்துக்காக விஜயராகவன் சாரும் வாங்குனாரு. 100 வயசுக் கெழவரா வருவாரு அதுல, பாரு மொதல்ல. அந்த வருசம் சிறந்த நடிகர் விருதையே ஷாருக்கானும் விக்ராந்த் மாஸியும் பங்கு போட்டுத்தான் வாங்குனாங்க. மும்பைக்குப் போயி ஷாருக்கான்கிட்ட கேளு, பாதிதானேன்னு.

எனக்கு வருத்தம் டெல்லி கணேஷ் சாருக்குத்தான். விமானப்படையில இருந்துட்டு வந்து 400 படத்துக்கு மேல, சீரியலும் நெறைய. இந்த விருது வராமலே 2024 நவம்பர்ல போயிட்டாரு. அவரப் பத்தித் தனியாப் போடுறேன், இன்னைக்குப் பேசுனா தொண்டை அடைக்கும்.

புதுசாப் பாக்குறவங்க '8 தோட்டாக்கள்' பாத்துட்டு அப்புறம் 'பார்க்கிங்' பாருங்க. 'சின்ன பாப்பா பெரிய பாப்பா' முழு எபிசோடு எங்க கெடைக்கும்னு தெரிஞ்சா கமெண்ட்ல போடுங்க, அப்பத்தா கேட்டுக்கிட்டே இருக்கு. வெட்டுன ரீல்ஸ் லிங்க் போட்டீங்கன்னா டெலீட் பண்ணிருவேன், சொல்லிட்டேன்.