சொகோத்ராவின் டிராகன் ரத்த மரம்: கன்றுகள் எங்கே?

(காட்சி: பாறை மேட்டில் நிற்கும் மரங்கள், மேலிருந்து)

வணக்கம். இது ஃபிர்மிஹின் காடு, ஏமன் நாட்டின் சொகோத்ரா தீவில் இருக்கிறது. காற்றில் மேல்நோக்கி மடங்கிப்போன குடை மாதிரி நிற்கிறதே, அதுதான் டிராகன் ரத்த மரம். உலகில் வேறெங்கும் இது தானாக வளர்வதில்லை. பட்டையைக் கீறினால் கருஞ்சிவப்பாகப் பிசின் கசியும். சாயத்துக்கும் மருந்துக்கும் பல நூற்றாண்டுகளாக அதை வாங்கிப் போயிருக்கிறார்கள்.

சரி, வீடியோவைக் கொஞ்சம் நிறுத்தி, மரங்களுக்கு நடுவே தரையைப் பாருங்கள். கன்று ஏதாவது தெரிகிறதா? அநேகமாக ஒன்றும் தெரியாது. எல்லாமே முதிர்ந்த மரங்கள். என் கவலையே இதுதான்.

(காட்சி: இலைக் கொத்து, மிக அருகில்)

மழை குறைந்த இந்தத் தீவில் மரம் எப்படிப் பிழைக்கிறது? பருவக்காற்று மலைமேல் கொண்டுவரும் மூடுபனி, விறைப்பான இந்த இலைகளில் பட்டுத் துளியாகி, இலையின் அடிக்கு வழிந்து, கிளை வழியே அடிமரத்தில் இறங்கி வேருக்குப் போய்ச் சேர்கிறது. அடர்ந்த நிழல் தரையைச் சீக்கிரம் காயவிடாது. மற்ற செடிகளுக்கும் இதன் சொந்த விதைகளுக்கும் அந்த ஈரம்தான் ஆதாரம். ஆக, மரம் குறையக் குறையத் தரை காய்கிறது, தரை காய்ந்தால் புதுக் கன்று முளைப்பது இன்னும் கஷ்டமாகிறது.

அப்படியும் தப்பி முளைப்பதை ஆடு தின்றுவிடுகிறது. ஆட்டைக் குறை சொல்வது சுலபம், ஆனால் அந்த மலைக் குடும்பங்களுக்குப் பாலும் கறியும் கைக்காசும் அதுதான். முன்பெல்லாம் பருவம் பார்த்து மந்தையை இடம் மாற்றுவார்கள். அந்தக் கட்டுப்பாடு இப்போது தளர்ந்துவிட்டது.

அப்புறம் புயல். 2015 நவம்பரில் சபாலா, மேக் என்று இரண்டு கடும் புயல்கள் ஒரு வார இடைவெளியில் வந்தன. ஆயிரக்கணக்கான மரங்கள் வேரோடு சாய்ந்தன. மிக மெதுவாக வளரும் மரம் இது, ஆண்டு வளையம் இல்லாததால் வயதைக்கூட எண்ணிச் சொல்ல முடியாது. விழுந்தவற்றின் இடம் நம் வாழ்நாளில் நிரம்பப் போவதில்லை.

தீவின் 825 தாவர வகைகளில் 37 சதவீதம் இங்கே மட்டுமே உள்ளவை. 2008-ல் யுனெஸ்கோ இதை உலகப் பாரம்பரிய இடமாக அறிவித்தது. ஆனால் 2014-ல் ஏமனில் போர் தொடங்கியதும், மரத்தைக் கவனிக்க யாருக்கு நேரம்?

(காட்சி: வேலி போட்ட நாற்றங்கால்)

உள்ளூர்க்காரர்கள் சிலர் வேலி கட்டிக் கன்றுகளை வளர்க்கிறார்கள். பாருங்கள், எவ்வளவு சின்னக் கன்று! ஆட்டின் வாய்க்கு எட்டாத உயரம் வரப் பல பத்தாண்டுகள் ஆகும். அதுவரை வேலி அறுந்தால் கட்ட ஆள் வேண்டும், அந்த ஆளுக்குக் கூலி வேண்டும். இரண்டு மூன்று வருடத் திட்டமெல்லாம் இதற்கு எந்த மூலைக்கு? வேலி காக்கும் பொறுப்பை, நீண்ட காலக் கூலியோடு, ஆடு வளர்க்கும் குடும்பங்களிடமே கொடுக்க வேண்டும் என்பதுதான் என் கருத்து.