ஏரியா, எரியா?

அவையோருக்கு வணக்கம்.

முப்பது ஆண்டுகளுக்கு மேல் அச்சகங்களில் மெய்ப்புத் திருத்தி வயிறு வளர்த்தவன் நான். இது சரி, அது பிழை என்று சிவப்பு மையால் சுழித்தே பழகிய கை இது. அந்தக் கைக்கே பிற்காலத்தில் ஒரு சந்தேகம் வந்தது. எழுத்துக்கு விதி போடுவது இலக்கண ஆசிரியரா, எழுதுகிற கருவியா?

முதலில் ஓலைக்குப் போவோம். மெய்யெழுத்துக்குப் புள்ளி வையுங்கள் என்றார் தொல்காப்பியர். 'எகர ஒகரத்து இயற்கையும் அற்றே' என்று குறில்களான எ, ஒ இரண்டுக்கும் புள்ளி உண்டு என்றார். புள்ளி இருந்தால் குறில், இல்லாவிட்டால் நெடில். விதியில் ஒரு குழப்பமும் இல்லை. ஆனால் எழுத்தாணி பிடித்தவன் கவலை வேறு. அழுத்திப் புள்ளி குத்தினால் ஓலை பொத்துவிடும். ஆகவே புள்ளியை விட்டுவிட்டான். 'எரி' என்று எழுதியிருந்தால் அது நெருப்பா, நீர் நிற்கிற ஏரியா என்பதைப் படிப்பவர்தான் இடம் பார்த்து முடிவு செய்ய வேண்டும். காலுக்கும் ரகரத்துக்கும் வேறு ஒரே வடிவம். காடும் கரடும் ஓலையில் ஒன்றுபோலவே கிடக்கும். 1887-இல் சீவக சிந்தாமணியை அச்சேற்றிய உ.வே. சாமிநாதையர் இப்படிப்பட்ட ஏடுகளோடுதான் மல்லுக்கட்டினார்.

இதற்கு வழி கண்டவர் என்று வீரமாமுனிவரைச் சொல்கிறோம். இத்தாலியிலிருந்து பதினெட்டாம் நூற்றாண்டில் வந்த பாதிரியார். நெடிலின் கொம்பை மேலே சுழித்து இரட்டைக் கொம்பாக்கினார். ஏகாரத்துக்குக் கீழே ஓர் இழுப்பு, ஓகாரத்துக்கு ஒரு சுழி. கவனியுங்கள், குறிலின் தலையில் இருந்த அடையாளம் நெடிலுக்கு இடம் மாறிவிட்டது. ஒரு நூற்பாவே தலைகீழாகிவிட்டது. இன்று ஒன்றாம் வகுப்புக் குழந்தையிடம் எகரத்துக்குப் புள்ளி வை என்றால் நம்மைத்தான் ஒருமாதிரியாகப் பார்க்கும்.

தொல்காப்பியர் சொன்ன இன்னொன்று: சகரம் அ, ஐ, ஔ என்ற மூன்று உயிரோடு சேர்ந்து சொல்லுக்கு முதலில் வராது. அப்படியானால் சட்டி, சண்டை, சந்தை எல்லாம் எங்கே போவது? பதின்மூன்றாம் நூற்றாண்டில் நன்னூல் எழுதிய பவணந்தி முனிவர் சகரத்துக்குப் பன்னிரண்டு உயிரையும் திறந்துவிட்டார். சட்டி அதற்கு முன்பே அடுப்பில் ஏறியிருக்க வேண்டும்.

இனி யானைக்கு வருவோம். இங்கே நரைத்த தலைகள் நிறைய இருக்கின்றன, உங்களுக்கு நினைவிருக்கும். பழைய எழுத்தில் லை, ளை, ணை, னை நான்குக்கும் முன்னால் ஐகாரக் குறி யானைத் தும்பிக்கைபோலத் தொங்கும். ணா, றா, னா மூன்றும் காலைத் தனியே விடாமல் தம்மோடு சுருட்டிக்கொள்ளும். அந்த மூன்றும் ஒகர ஓகார வரிசைகளிலும் அப்படியே சுருளும். நான்கும் மூன்றும் மூன்றும் மூன்றுமாகப் பதின்மூன்று எழுத்துகள். கையால் எழுத அவை அழகுதான், ஒப்புக்கொள்கிறேன். ஈய எழுத்துக் கோப்பவரைக் கேட்டால் வேறு சொல்வார். இருக்கிற காலையும் ஐகாரக் குறியையும் பக்கத்தில் வைத்தால் முடிகிற வேலைக்கு, ஒவ்வொன்றுக்கும் தனி அச்சு, தனி அறை. அறை மாறிக் கை போனால் அது என் மெய்ப்பில் வந்து விழும்.

பெரியார் 1935-இல் குடிஅரசு இதழில் இந்தத் தும்பிக்கைகளை வெட்டினார். அரசு அதை ஏற்று ஆணையிட்டது 1978-இல், எம்.ஜி.ஆர். ஆட்சியில். இடையில் நாற்பத்து மூன்று ஆண்டுகள்! ஐ வேண்டாம் 'அய்' போதும், ஔ வேண்டாம் 'அவ்' போதும் என்றும் பெரியார் சொன்னார். அதை அரசு ஏற்கவில்லை. ஆனாலும் 'அய்யா' என்று எழுதுபவர்கள் இன்றும் இருக்கிறார்கள். அதைச் சுழிப்பதை நான் பாதி வேலைக்காலத்திலேயே நிறுத்திவிட்டேன். வாழ்த்துகளா வாழ்த்துக்களா என்று மட்டும் தயவுசெய்து யாரும் கேட்காதீர்கள், இரவு உணவுக்கு நேரமாகிவிடும்.

முடிவு தெரியாத வழக்கு ஒன்றையும் சொல்லிவிடுகிறேன். ரகரம் தமிழ்ச் சொல்லுக்கு முதலில் வராது என்பது பழைய விதி. அதனால் என் தந்தை பள்ளிச் சான்றிதழில் அரங்கநாதன், நிலப் பத்திரத்தில் இரங்கநாதன், வங்கிக் கணக்கில் ரங்கநாதன். மூன்று இடத்திலும் எழுதியவர்கள் தமிழறிந்தவர்களே. அவர் மறைந்த பிறகு, மூவரும் ஒருவரே என்று உறுதிமொழிப் பத்திரம் கொண்டுவரச் சொன்னார்கள். வாழ்நாளெல்லாம் பிறர் பிழை திருத்தியவன், சொந்தத் தகப்பன் பெயரில் எதைச் சுழிப்பது என்று தெரியாமல் நின்றேன். அவர் கையெழுத்தை ஒப்பிட்டுப் பார்த்தார்கள். நல்லவேளையாக, மூன்றிலும் அது ஆங்கிலத்தில் இருந்தது.