உடல் முன்னே போகிறது, மரபணு பின்னே வருகிறது

[திரையில்: ஈரமான கூழாங்கற்கள் மேல் ஊர்ந்து போகும் ஒரு மீன்]

இந்த மீனுக்குப் பெயர் பிச்சிர். ஆப்பிரிக்க ஆறுகளில் வாழ்வது. இதற்குச் செவுளும் உண்டு, நுரையீரலும் உண்டு. அவசியம் வந்தால் முன் துடுப்பை ஊன்றித் தரையில் தத்தித் தத்தி நகரும். கனடாவின் மெக்கில் பல்கலைக்கழகத்தில் இதன் குஞ்சுகள் சிலவற்றை 8 மாதம் தரையிலேயே வளர்த்துப் பார்த்தார்கள். அடியில் சில மில்லிமீட்டர் தண்ணீர், தோல் காய்ந்துவிடாமல் இருக்க நீர்த்தூவல், அவ்வளவுதான். 2014இல் முடிவு வெளியானது.

தண்ணீரில் வளர்ந்த பிச்சிரைத் தரையில் விட்டால், துடுப்பு பக்கவாட்டில் விரிந்து வழுக்குகிறது, உடம்பு தேவையில்லாமல் நெளிகிறது. தரையில் வளர்ந்தது துடுப்பை உடம்புக்குப் பக்கத்தில் ஊன்றி, தலையை நிமிர்த்தி, வழுக்காமல் நடக்கிறது. பழகிவிட்டது, அதனால் நன்றாக நடக்கிறது என்று சொல்லிவிடலாம்தான். ஆனால் எலும்பைப் பார்த்தால் தோள் பகுதியின் வடிவமே வேறாக இருக்கிறது. சுமார் 40 கோடி ஆண்டுகளுக்கு முன் மீன்கள் கரையேறத் தொடங்கிய காலத்துப் புதைபடிவங்களில் தெரியும் மாற்றங்கள் எந்தத் திசையில் போகின்றனவோ, ஏறக்குறைய அதே திசை.

இத்தனைக்கும் இரண்டு கூட்டமும் ஒரே வகைக் குஞ்சுகள். யாரும் யாருடைய மரபணுவையும் தொடவில்லை.

பள்ளியில் நாம் படித்த வரிசை உங்களுக்கு நினைவிருக்கும். முதலில் மரபணுவில் தற்செயலாக ஒரு பிழை. அதனால் உடலில் ஒரு மாற்றம். அது பயன்பட்டால் இயற்கை அதைத் தேர்ந்தெடுக்கும். இந்த வரிசை தலைகீழாகவும் நடக்குமா? உடல் முதலில் மாறி, மரபணு பின்னால் வந்து சேருமா? இந்த வீடியோ அதைப் பற்றித்தான்.

[திரையில்: தேன்கூட்டு அறைகள், ஒன்று மட்டும் பெரிதாகத் தொங்குகிறது]

ஒரே மரபணுத் தொகுதியிலிருந்து, சூழலைப் பொறுத்து வேறு வேறு உடல்கள் உருவாவதை வளர்ச்சி நெகிழ்வு என்கிறோம். இதற்குத் தேனீயை விட நல்ல உதாரணம் கிடையாது. ராணியாகப் போகும் புழுவுக்கும் வேலைக்காரத் தேனீயாகப் போகும் புழுவுக்கும் மரபணுவில் வித்தியாசம் இல்லை. முதல் மூன்று நாள் எல்லாப் புழுக்களுக்கும் அரசகூழ் கிடைக்கும், அதாவது வேலைக்காரத் தேனீக்கள் சுரக்கும் சத்தான கூழ். அதற்கப்புறம் ராணிப் புழுவுக்கு மட்டும் அது தொடரும், மற்றவற்றுக்கு உணவு மாறும். விளைவைப் பாருங்கள். ராணி 16 நாளில் முழுத் தேனீயாக வெளியே வருகிறது, வேலைக்காரத் தேனீக்கு 21 நாள். ராணி வருடக்கணக்கில் வாழ்ந்து முட்டையிடும். கோடையில் பிறந்த வேலைக்காரத் தேனீக்குச் சில வாரங்கள்தான் ஆயுள்.

உணவு எப்படி உடலை மாற்றுகிறது? இங்கேதான் எபிஜெனெடிக்ஸ் வருகிறது. டிஎன்ஏவின் எழுத்துகள் அப்படியே இருக்கும். அவற்றின் மேல் சின்னச் சின்ன வேதிக் குறிகள் ஒட்டிக்கொள்ளும். அவற்றில் பேர்போனது மீத்தைல்: ஒரு கார்பன், மூன்று ஹைட்ரஜன். எந்த மரபணு பேச வேண்டும், எது வாயை மூட வேண்டும் என்பதில் இந்தக் குறிகளுக்குப் பெரிய பங்கு உண்டு. 2008இல் ஆஸ்திரேலிய ஆய்வாளர்கள், மீத்தைலை ஒட்டவைக்கும் நொதி ஒன்றைத் தேனீப் புழுக்களில் குறைத்துவிட்டார்கள். புழுக்களில் பெரும்பாலானவை ராணியின் சாயலோடு, வளர்ந்த சூலகத்தோடு வெளிவந்தன.

சரி, இதெல்லாம் ஒரு உயிரின் வாழ்நாளுக்குள் நடப்பது. பரிணாமம் என்றால் தலைமுறைகளைத் தாண்ட வேண்டுமே?

[திரையில்: பழ ஈயின் சிறகு, பெரிதாக்கப்பட்டது. இரண்டு நீள நரம்புகளை இணைக்கும் குறுக்கு நரம்பு ஒளிர்கிறது]

எபிஜெனெடிக்ஸ் என்ற சொல்லை 1942இல் உருவாக்கியவர் பிரிட்டிஷ் உயிரியலாளர் கான்ராட் வாடிங்டன். மீத்தைல் குறி பற்றியெல்லாம் அப்போது பேச்சே இல்லை. மரபணுவிலிருந்து உடல் எப்படி உருவாகிறது என்ற முழுக் கதையையும்தான் அவர் அந்தப் பெயரால் குறித்தார். அவருடைய 1953ஆம் ஆண்டுப் பரிசோதனை எனக்கு மிகவும் பிடித்த ஒன்று. செலவும் அதிகமில்லை.

பழ ஈயின் கூட்டுப்புழுக்களை 40 டிகிரி சூட்டில் 4 மணி நேரம் வைத்தார். வெளிவந்த ஈக்களில் சிலவற்றின் சிறகில் அந்தக் குறுக்கு நரம்பு உடைந்தோ காணாமலோ போயிருந்தது. அப்படிப்பட்ட ஈக்களை மட்டும் இனப்பெருக்கம் செய்யவிட்டு, குஞ்சுகளுக்கு மறுபடியும் சூடு. திரும்பத் திரும்ப இதையே செய்தார். சுமார் 14ஆம் தலைமுறையில், சூடே படாத ஈக்கள் சிலவும் குறுக்கு நரம்பு இல்லாமல் பிறந்தன!

சூடு, மரபணுவில் போய் எழுதிவிட்டதா? இல்லை. ஈக்களுக்குள் ஏற்கெனவே சின்னச் சின்ன மரபணு வேறுபாடுகள் கிடந்தன. சாதாரண வெப்பத்தில் அவை வெளியே தெரியாது, எல்லாச் சிறகும் ஒரே மாதிரி வந்துவிடும். சூடு பட்டதும், எந்த ஈக்கு நரம்பு இழக்கும் சாய்வு அதிகமோ அது மாட்டிக்கொள்கிறது. அவற்றையே பொறுக்கிப் பொறுக்கி இணைத்தால் அந்தச் சாய்வு தலைமுறை தலைமுறையாகச் சேர்ந்துகொண்டே போகும். ஒரு கட்டத்தில் தள்ளிவிடச் சூடு தேவைப்படாது. நெருங்கிய உறவுக்குள்ளேயே பெருக்கி மரபணு வேறுபாட்டைத் துடைத்துவிட்ட வம்சங்களில் இந்த வித்தை பலிக்கவில்லை என்பது பிறகு தெரிந்தது. ஆக இது டார்வினின் இயற்கைத் தேர்வுதான். சூழல் இங்கே இரண்டு வேலை பார்க்கிறது: மறைந்திருப்பதை வெளியே இழுத்துப் போடுகிறது, அப்புறம் அதிலிருந்து பொறுக்குகிறது. வாடிங்டன் இதை மரபணு உட்கிரகிப்பு என்ற பொருளில் பெயரிட்டார்.

ஆய்வகத்தில் எதையும் செய்யலாம், வெளியே நடக்கிறதா என்று கேட்பீர்கள். நியாயமான கேள்வி.

[திரையில்: ஆஸ்திரேலியாவின் வரைபடம், கரையோரத் தீவுகள்]

ஆஸ்திரேலியாவின் புலிப் பாம்பு பெருநிலத்தில் தவளை, எலி போன்ற சின்ன இரைகளைத் தின்னும். சில தீவுகளில் கிடைப்பதோ பெரிய இரை. பாம்பு இரையை முழுசாக விழுங்க வேண்டுமென்பதால் தலை பெரிதாக இருந்தாக வேண்டும். அண்மையில் பாம்புகள் குடியேறிய தீவுகளில், குட்டிகள் சின்னத் தலையோடு பிறக்கின்றன. பெரிய இரை தின்னத் தின்னத் தலையும் தாடையும் வளர்ந்துகொள்கின்றன. சுமார் 9,000 ஆண்டுகளாகக் கடல் பிரித்து வைத்திருக்கும் தீவுகளில், குட்டி பிறக்கும்போதே தலை பெரிது. சின்ன இரை கொடுத்தாலும் பெரிய இரை கொடுத்தாலும் வளர்ச்சியில் அவ்வளவு வித்தியாசம் இல்லை. நெகிழ்வு தேய்ந்துபோய், அதன் இடத்தில் மரபணு உட்கார்ந்துவிட்டது.

குளவிகளை வாழ்நாள் முழுக்க ஆராய்ந்த மேரி ஜேன் வெஸ்ட்-எபர்ஹார்ட், பரிணாமத்தில் மரபணு பெரும்பாலும் பின்தொடர்வதுதான், வழிகாட்டுவதல்ல என்று வாதிட்டவர். நான் அவ்வளவு தூரம் போக மாட்டேன். ஆனால் புலிப் பாம்பைப் பார்த்துவிட்டு அவரை மறுப்பதும் சுலபமில்லை.

இனி, இணையத்தில் அதிகம் அடிபடும் விஷயம். அந்த வேதிக் குறிகளே பிள்ளைகளுக்குப் போகுமா? செடிகளில் போகும். 1744இல், உயிரினங்களுக்குப் பெயரிடும் முறையை வகுத்த லின்னேயஸ் ஒரு விசித்திரமான லினேரியா செடியை விவரித்தார். வழக்கமான பூ முகம் போல இடவலச் சமச்சீர் கொண்டது. இதுவோ ஐந்து பக்கமும் ஒரே மாதிரி. குழம்பிப்போய் அதற்கு அரக்கன் என்று பொருள்படும் கிரேக்கப் பெயரை வைத்தார். 1999இல் அந்தப் பூவின் மரபணுவைப் பார்த்தபோது, வடிவத்தைத் தீர்மானிக்கும் மரபணு ஒன்று மீத்தைல் அப்பி ஊமையாகியிருந்தது. அந்த ஊமைத்தனம் விதை வழியாக அடுத்த தலைமுறைக்கும் போகிறது. சில நேரம் குறி கழன்று, அதே செடியில் ஒரு கிளை மட்டும் பழையபடி பூக்கும்.

பாலூட்டிகளில் கதை வேறு. விந்தணுவும் கருமுட்டையும் உருவாகும்போது ஒருமுறை, கருவின் தொடக்கத்தில் இன்னொருமுறை, குறிகளில் பெரும்பகுதி துடைக்கப்படுகிறது. தாத்தா பட்ட கவலை பேரனின் மரபணுவில் என்று தலைப்பு வைக்கும் வீடியோக்களை நான் சந்தேகத்தோடுதான் பார்ப்பேன். 1944-45 குளிர்காலத்தில் நெதர்லாந்தில் பஞ்சம் வந்தபோது கருவில் இருந்தவர்களிடம், 60 ஆண்டு கழித்தும் ஒரு வளர்ச்சி மரபணுவில் மீத்தைல் குறைவாக இருந்தது உண்மை. ஆனால் அவர்கள் அந்தப் பட்டினியை நேரடியாகவே அனுபவித்தவர்கள். கர்ப்பிணியின் வயிற்றில் பெண் கரு இருந்தால், அந்தக் கருவுக்குள் பேரக்குழந்தைக்கான முட்டைகளும் உருவாகத் தொடங்கிவிடும். ஒரே பட்டினியில் மூன்று தலைமுறை. மரபு என்று நிரூபிக்க நான்காவதைத் தேட வேண்டும்.

[திரையில்: மணலிலிருந்து வெளிவரும் ஆமைக் குஞ்சுகள்]

நெகிழ்வு எப்போதும் கைகொடுக்கும் என்றும் இல்லை. ஆமை முட்டையின் பாலினத்தைப் பெரும்பாலும் வெப்பம்தான் முடிவு செய்கிறது. செங்காது ஆமையில் 26 டிகிரியில் ஆண், 32இல் பெண். குளிர்ந்த முட்டையில் ஒரு நொதி, ஆணாக்கும் மரபணுவின் மேலிருந்து தடைக் குறியை எடுத்துவிடுகிறது என்று 2018இல் காட்டினார்கள். அதே ஆண்டு இன்னொரு செய்தி: ஆஸ்திரேலியாவின் பெரும் பவளத்திட்டின் வடக்குக் கடற்கரைகளில் பிறந்த இளம் பச்சை ஆமைகளில் 99 சதவீதம் பெண்.

எந்த வெப்பத்தில் பாலினம் மாற வேண்டும் என்ற அளவு தலைமுறைகளில் நகரக்கூடியது, வாடிங்டனின் ஈக்களில் சிறகு நரம்பு நகர்ந்ததைப் போல. ஆனால் ஈக்களுக்கு 14 தலைமுறை என்பது ஏறக்குறைய அரை வருடம். பச்சை ஆமை பருவமடையவே 25 ஆண்டு ஆகிவிடும். அதற்கு 14 தலைமுறை என்றால் 350 ஆண்டு.