கலாத்தியாய்டியா: குந்து சிங்கியின் பெருங்குடும்பம்

நேயர்கள் அனைவருக்கும் வணக்கம்.

கொல்லம் சக்திகுளங்கரையில் ஆழ்கடல் இறால் பிடிக்கப் போகும் போட்டுகளில் நம் குமரி மாவட்டத்துப் பிள்ளைகள் நிறைய பேர் வேலை பார்க்கிறார்கள். இருநூறு, முந்நூறு மீட்டர் ஆழத்திலும் அதற்குக் கீழேயும் மடி, அதாவது இழுவலை, இழுத்துத் தூக்கும்போது, சிவந்த இறாலோடு வேறு பல உயிர்களும் சேர்ந்து வரும். அவற்றில் ஒன்று பார்வைக்குச் சிங்கி இறாலின் சாயலில் இருக்கும். ஆனால் ஒரு விரல் நீளம்தான் தேறும். உடம்பைவிட நீளமான இரண்டு கொடுக்குகள் இருக்கும். வாலை வயிற்றுக்கு அடியில் மடக்கி வைத்துக்கொண்டு குந்தியிருக்கும். விலை இல்லாத சரக்கு என்பதால் யாரும் தனியாகப் பிரித்து வைப்பதில்லை. ராமேஸ்வரம் பக்கம் சங்காயம் என்று சொல்கிற கழிசல் குவியலோடு அதுவும் போய்விடும்.

ஆங்கிலத்தில் இதை ஸ்குவாட் லாப்ஸ்டர் என்பார்கள். இந்த உரையில் குந்து சிங்கி என்றே சொல்லிக்கொண்டு போகிறேன். இதைப் பற்றிப் படிக்க நூல்களைத் திறந்தால் முதலில் எதிர்ப்படும் சொல் கலாத்தியாய்டியா. விலங்கியல் படிக்கிற பிள்ளைகள் பலர் ‘குந்து சிங்கியின் அறிவியல் பெயர் கலாத்தியாய்டியா’ என்று எழுதிவிடுகிறார்கள். அதில் பாதி சரி. சரியில்லாத பாதியைப் பற்றித்தான் இன்று பேச வந்திருக்கிறேன், ஏனென்றால் அந்தச் சொல்லின் உயிர் அங்கேதான் இருக்கிறது.

முதலில் சொல்லின் கடைசிப் பகுதியைப் பார்ப்போம். விலங்குகளுக்குப் பெயர் வைக்க உலகம் முழுவதற்கும் ஒரே விதித்தொகுப்பு இருக்கிறது. அதன்படி ‘இடே’ என்று முடிந்தால் அது ஒரு குடும்பம். ‘ஆய்டியா’ என்று முடிந்தால் பல குடும்பங்களைச் சேர்த்த பெருங்குடும்பம். நம் எல்லைப் பகுதியில் ஒரு தறவாட்டின், அதாவது பூர்வீகக் குடும்பத்தின், வீட்டுப்பெயரைச் சொன்னதும், அதிலிருந்து பிரிந்த கிளைகள் எவை என்று பெரியவர்களுக்குத் தெரிந்துவிடும் அல்லவா, அதுபோலத்தான் இதுவும். கலாத்தியாய்டியா என்பது தனி ஒரு உயிரின் பெயர் கிடையாது. ‘இவர்கள் எல்லோரும் ஒரே மூதாதையின் வழி வந்தவர்கள்’ என்று சொல்கிற உறவுக் கூற்று அது. கூற்று என்று சொல்வதற்குக் காரணம் இருக்கிறது. சான்று மாறினால் அதுவும் மாறும். மாறியும் இருக்கிறது.

இங்கே ஒரு எச்சரிக்கை. ‘ஆய்டியா’ என்று முடிகிற எல்லாமே பெருங்குடும்பம் ஆகிவிடாது. மன்னார் வளைகுடாவில் கிடைக்கிற கடல் அட்டையின் வகுப்புக்கு ஹோலோதுராய்டியா என்று பெயர். கடல் முள்ளெலிகளின் வகுப்பு எக்கினாய்டியா. வகுப்பு என்பது பெருங்குடும்பத்தைவிடப் பல படிகள் மேலே இருப்பது. அந்த மேல்படிகளின் பெயர் முடிவை விதித்தொகுப்பு கட்டுப்படுத்துவதில்லை. அதனால் முடிவை மட்டும் பார்த்துப் படிநிலையைச் சொல்லிவிடக் கூடாது, எந்தப் பிரிவு உயிர் என்பதையும் சேர்த்துப் பார்க்க வேண்டும்.

சொல்லின் முற்பகுதிக்கு வருவோம். கலாத்தியா என்பது கிரேக்கப் புராணத்தில் வருகிற ஒரு கடல் நங்கை. நீரியஸ் என்ற கடல் முதியவனின் ஐம்பது மகள்களில் ஒருத்தி. டென்மார்க்கைச் சேர்ந்த ஃபாப்ரீசியஸ் 1793இல் ஒரு பேரினத்துக்கு அந்தப் பெயரை வைத்தார். 1819இல் இங்கிலாந்தில் சாமுவெல் என்பவர் அதைக் கொண்டு கலாத்தியிடே என்ற குடும்பத்தை அமைத்தார். சாமுவெல் உண்மையில் பூச்சிகளைப் பற்றி எழுதியவர். இப்போது நூல்களில் ‘கலாத்தியாய்டியா சாமுவெல், 1819’ என்று இருக்கும். அவர் வாழ்நாளில் அந்தப் பெருங்குடும்பத்துப் பெயரை எழுதவே இல்லை, குடும்பத்தின் பெயரைத்தான் எழுதினார். ஆனாலும் குடும்பத்துக்குப் பெயர் கொடுத்தவருக்கே பெருங்குடும்பம், துணைக்குடும்பம் எல்லாவற்றின் உரிமையும் அதே ஆண்டோடு போய்ச் சேரும் என்பது விதி. இது தெரியாமல், 1819லேயே குந்து சிங்கிகளின் உறவு முழுவதும் தெளிவாகிவிட்டது என்று எழுதினால் பிழையாகிவிடும்.

அதே நங்கையின் பெயரில் ஒரு கப்பலும் இருந்தது. டென்மார்க் அரசு 1845இல் உலகத்தைச் சுற்றி வர அனுப்பிய கலாத்தியா என்ற போர்க்கப்பல் நம் தரங்கம்பாடிக்கு வந்தது. தரங்கம்பாடியை ஆங்கிலேயருக்கு விற்று ஒப்படைத்த காலம் அது. பிறகு அந்தக் கப்பல் நிக்கோபார் தீவுகளுக்குப் போனது. பெரிய நிக்கோபாரில் இப்போது செய்திகளில் அடிக்கடி அடிபடுகிற கலாத்தியா வளைகுடாவுக்கும் அந்தக் கப்பலின் பெயர்தான். கலாத்தியா என்ற பெயரைப் பார்த்துவிட்டு அந்த வளைகுடாவைக் குந்து சிங்கியோடு முடிச்சுப் போட வேண்டாம். இரண்டுக்கும் பொதுவாக இருப்பது அந்தக் கடல் நங்கை மட்டும்தான்.

சரி, இந்தப் பெருங்குடும்பத்துக்குள் யார் யார் இருக்கிறார்கள்? இன்றைய வகைப்பாட்டில் உயிரோடு இருப்பவை நான்கு குடும்பங்கள். கலாத்தியிடே, முனிடிடே, முனிடாப்சிடே, போர்செலானிடே. முதல் மூன்றும் குந்து சிங்கிகள். நான்காவது போர்சலின் நண்டு. ஆம், பார்த்தால் அசல் நண்டுதான். ஆனால் உறவு முறையில் குந்து சிங்கிக்குப் பக்கத்தில் நிற்கிறது.

இதை நம்புவதற்கு நீங்கள் ஆழ்கடலுக்குப் போக வேண்டியதில்லை. முட்டம், கடியப்பட்டணம் பாறைகளில் தண்ணீர் வற்றும் நேரத்தில் ஒரு கல்லைப் புரட்டினால், தட்டையான சிறு நண்டு ஒன்று விறுவிறு என்று பக்கவாட்டில் நழுவும். பிடித்தால் காலையோ கொடுக்கையோ கழற்றிப் போட்டுவிட்டுத் தப்பிக்கப் பார்க்கும். அதன் நடக்கும் கால்களை எண்ணுங்கள். நாம் குழம்பு வைக்கிற நண்டுகளுக்குக் கொடுக்கை விட்டுவிட்டு நான்கு ஜோடி கால் தெரியும். நீல நண்டுக்குக் கடைசி ஜோடி துடுப்பாக இருக்குமே, அதையும் சேர்த்துத்தான் நான்கு. இந்தத் தட்டை நண்டுக்கு மூன்று ஜோடிதான் தெரியும். நான்காவது ஜோடி இல்லாமல் இல்லை. மெலிந்து சுருங்கி, ஓட்டுக்கடியில் மடங்கி இருக்கும். செவுள்களில் படியும் அழுக்கைத் துடைப்பதற்கு அந்தக் கால் பயன்படுகிறது. குந்து சிங்கிக்கும் கடைசிக் கால் அதே மாதிரிதான். இன்னொன்றையும் கவனியுங்கள். போர்சலின் நண்டின் நீளமான உணர்கொம்பு கண்ணுக்கு வெளிப்பக்கத்திலிருந்து கிளம்பும். அசல் நண்டுக்கு அது இரண்டு கண்களுக்கும் நடுவில் இருக்கும்.

சங்குக்குள் குடியிருக்கும் துறவி நண்டும், அலை திரும்பும்போது மணலுக்குள் பின்பக்கமாகப் புதைந்துகொள்கிற அந்த முட்டை வடிவச் சின்ன உயிரும் இவர்களுக்குக் கொஞ்சம் தள்ளிய உறவினர்கள். எல்லோரையும் சேர்த்து அனோமுரா என்கிறார்கள். நாம் விலை கொடுத்து வாங்கும் சிங்கி இறால் இந்தக் கூட்டத்தில் சேராது. அதற்குக் கொடுக்கே கிடையாது, முள் நிறைந்த தடித்த உணர்கொம்புதான் அதற்குக் காவல். ஆகவே ‘லாப்ஸ்டர்’ என்று ஆங்கிலத்தில் சொல்வதும், சிங்கி என்று நான் இங்கே சொல்வதும் சாயலை வைத்துத்தானே தவிர உறவை வைத்து அல்ல. நண்டு போன்ற வடிவம் கடலில் ஒரே ஒரு தடவை தோன்றிய ஒன்றும் இல்லை. வெவ்வேறு வழிகளில் வந்த உயிர்கள் தனித்தனியாக அந்த வடிவத்தை அடைந்திருக்கின்றன. போர்சலின் நண்டு அதற்கு நல்ல சாட்சி. என்னைக் கேட்டால், நம் பள்ளிப் பிள்ளைகளுக்குப் பரிணாமத்தைச் சொல்லிக்கொடுக்க வெளிநாட்டுப் படங்களைத் தேட வேண்டாம், இந்தக் கல்லடி நண்டே போதும்.

உள்ளே இருப்பவர்களைப் பார்த்தோம். வெளியே இருப்பவர்களையும் பார்க்க வேண்டும். குந்து சிங்கி என்று சொல்லப்படுகிற எல்லாமே கலாத்தியாய்டியாவுக்குள் வருவதில்லை. ஆழ்கடல் பவளக் கிளைகளைப் பற்றிக்கொண்டு வாழ்கிற, குச்சி போன்ற நீளக் கால்கள் கொண்ட சில குந்து சிங்கிகள் கைரோஸ்டைலாய்டியா என்ற வேறு பெருங்குடும்பம். 2005இல் ஈஸ்டர் தீவுக்குத் தெற்கே, 2,200 மீட்டர் ஆழத்தில் கொதிநீர் ஊற்றுகளின் அருகே கண்டுபிடித்தார்களே, கை முழுவதும் ரோமம் அடர்ந்த வெள்ளை நிற யேட்டி நண்டு, அதுவும் அந்தப் பக்கம்தான். அந்த ரோமத்தில் பாக்டீரியாக்கள் செழித்து வளர்கின்றன. அதன் பேரினத்துக்குப் பாலினீசியக் கடல் தெய்வமான கீவாவின் பெயரை வைத்தார்கள்.

ஆக, குந்து சிங்கி என்ற வட்டமும் கலாத்தியாய்டியா என்ற வட்டமும் ஒன்றல்ல. பெரும்பகுதி ஒன்றன்மேல் ஒன்று படிகிறது. ஒருபக்கம் யேட்டி நண்டும் அதன் சொந்தங்களும் வெளியே நிற்கின்றன. மறுபக்கம் போர்சலின் நண்டு உள்ளே வந்துவிடுகிறது.

இது எப்போதும் இப்படியே இருந்ததா என்றால், இல்லை. இறால், நண்டு போன்ற உயிர்களை ஓடுடலிகள் என்பார்கள். 2001இல் வெளிவந்த ஓடுடலிகளின் பெரிய வகைப்பாட்டில், தென் அமெரிக்காவின் தென்பகுதி ஆறு, ஏரிகளில் வாழும் ஏக்லா என்ற நன்னீர் உயிர்களும் கலாத்தியாய்டியாவுக்குள் இருந்தன. பிறகு அவற்றைத் தனிப் பெருங்குடும்பமாகப் பிரித்தார்கள். 2010இல் ஷேன் அயோங், கெய்ஜி பாபா, என்ரிக் மேக்பெர்சன், கேரி பூர் ஆகிய நால்வர் சேர்ந்து இன்றைய அமைப்பை வெளியிட்டார்கள். மரபணுச் சான்றையும் உடலமைப்பையும் சேர்த்துப் பார்த்தபோது, பவளத்தில் வாழும் அந்த நீளக்கால் கூட்டம் நெருங்கிய சொந்தம் இல்லை என்று தெரிந்தது. அதுவரை ஒரே குடும்பமாக இருந்த கலாத்தியிடேயும் அப்போதுதான் மூன்றாகப் பிரிந்தது.

சொல்லைப் பயன்படுத்துகிறவர்களுக்கு இந்த 2010 முக்கியமான ஆண்டு. பழைய கட்டுரையில் ‘கலாத்தியிட்’ என்று இருந்தால் அதற்குள் முனிடா, முனிடாப்சிஸ் என்ற பேரினங்களும் அடக்கம். புதிய கட்டுரையில் அதே சொல் கலாத்தியிடே குடும்பத்தை மட்டும் குறிக்கும். கேரளக் கரைக்கு அப்பால் ஆழத்தில் எத்தனை வகை கலாத்தியிட் உண்டு என்று ஒருவர் பழைய பட்டியலையும் புதிய பட்டியலையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்து எண்ணினால், கடலில் ஒன்றுமே நடக்காமல் எண்ணிக்கை சரிந்ததுபோல் தோன்றும். இப்படிப்பட்ட தவறான ஒப்பீட்டை நான் சாதாரணமாக எடுத்துக்கொள்வதில்லை. ஆழ்கடல் இறால் பிடிப்பு கூடிவருகிற நம் கடலில், எது குறைந்தது, எது பெயர் மாறியது என்று பிரித்துச் சொல்லத் தெரிய வேண்டும்.

நம் பக்கத்துக் கடலுக்குப் பழைய பதிவுகள் கொஞ்சமல்ல. சேலஞ்சர் என்ற பிரிட்டிஷ் ஆய்வுக்கப்பல் உலகமெங்கும் வாரிவந்த அனோமுரா உயிர்களை 1888இல் விவரித்த ஹெண்டர்சன், சென்னைக் கிறித்தவக் கல்லூரியில் பேராசிரியராக இருந்தவர். மன்னார் வளைகுடா ஓடுடலிகளைப் பற்றி 1893இல் எழுதியதும் அவர்தான். இந்தியக் கடல்களை அளந்த இன்வெஸ்டிகேட்டர் கப்பலில் மருத்துவராகவும் இயற்கை ஆய்வாளராகவும் இருந்த ஆல்காக், இந்திய ஆழ்கடல் ஓடுடலிகளின் பட்டியலை 1901இல் வெளியிட்டார். அதில் அனோமுரா என்ற சொல்லுக்குப் பதிலாக அனோமலா என்று இருக்கும். இன்றைய சொல்லை வைத்துத் தேடினால் அவர் எழுதியது கண்ணில் படாது. ஒரு ஆய்வு மாணவருக்கு இது வெறும் எழுத்து வேறுபாடு இல்லை. நூறாண்டுக்கு முந்தைய நம் கடலின் கணக்கு கிடைப்பதும் கிடைக்காமல் போவதும் அதைப் பொறுத்தது.

நமக்குக் கழிசலாகத் தெரிகிற இந்த உயிர், சிலி நாட்டில் ஒரு தனி மீன்பிடித் தொழில். வால் சதையை உரித்து உறையவைத்து, லாங்கோஸ்டினோ என்ற பெயரில் ஏற்றுமதி செய்கிறார்கள். கலிபோர்னியாவில் வெப்பநீர் வருகிற ஆண்டுகளில் செந்நிறக் குந்து சிங்கிகள் கரை முழுவதும் ஒதுங்கிக் கிடக்கும். சூரை மீன்கள் விரும்பித் தின்பதால் அவற்றுக்கு ட்யூனா நண்டு என்றும் பெயர். நம் கடலில் இவை அந்த அளவுக்குக் கூட்டமாகக் கிடைப்பதில்லை, அதனால் நாளைக்கே இங்கே வியாபாரம் ஆகும் என்று நான் சொல்லவில்லை. மீனுக்கு இரையாகிற உயிருக்கு ஒரு பதிவு வேண்டும் என்பதே என் அக்கறை.

அதற்கு இந்தப் பெருங்குடும்பப் பெயர் நல்ல கருவி. மடியில் வந்த ஒன்றைப் பார்த்து இனத்தை உறுதியாகச் சொல்ல, நெற்றிமுள்ளின் வடிவம், கண்ணுக்கு மேலிருக்கும் முட்கள், நெஞ்சுத் தகட்டின் அமைப்பு என்று நுட்பமாகப் பார்க்க வேண்டும். அது நிபுணருடைய வேலை. நெற்றிமுள் ஒற்றை ஊசியாக நீண்டு, அதன் இருபுறமும் இரண்டு சின்ன ஊசிகள் நின்றால் முனிடிடே என்று ஊகிக்கலாம். நெற்றிமுள் அகன்று முக்கோணமாக, ஓரங்களில் பல் பல்லாக இருந்தால் கலாத்தியிடேயாக இருக்கலாம். அதுவும் உறுதி இல்லையென்றால் ஊகத்தில் இனப்பெயரை எழுதாதீர்கள். கலாத்தியாய்டியா என்று பெருங்குடும்பத்தோடு நிறுத்திக்கொள்ளலாம். பவளக் கிளையோடு சேர்ந்து வந்து, கால் குச்சியாக இருந்து, எந்தப் பெருங்குடும்பம் என்பதே சந்தேகமாக இருந்தால் அனோமுரா என்று எழுதினாலும் தப்பில்லை. தெரிந்த படியில் நிறுத்தி எழுதிய பெயரைப் பின்னால் வருகிறவர் திருத்திக் கூர்மையாக்க முடியும். தெரியாமல் எழுதிய இனப்பெயர் பட்டியலுக்குள் நுழைந்துவிட்டால் அதை வெளியே எடுப்பது பெரும்பாடு.

ஆகவே போட்டில் போகிற தம்பிமாருக்கும், துறைமுகத்துக்குப் போய்ப் படிக்கிற மாணவர்களுக்கும் ஒரு வேண்டுகோள். இப்படி ஒன்று கிடைத்தால் ஃபார்மலினில் போடாதீர்கள், மரபணு பார்ப்பது கடினமாகிவிடும். அடர்த்தியான எத்தனாலில் போடுங்கள். நிறம் சீக்கிரம் வெளுத்துவிடும் என்பதால் அதற்கு முன்னாலேயே கைப்பேசியில் ஒரு படம் எடுத்துவிடுங்கள், மேலிருந்து ஒன்று, நெற்றிமுள்ளுக்கு அருகில் ஒன்று. பென்சிலால் எழுதிய சீட்டை உள்ளேயே போடுங்கள், பேனா மை கரைந்துவிடும். தேதி, ஆழம், ஜி.பி.எஸ். காட்டுகிற இடம், எந்த மடி, அப்புறம் பெயர். விழிஞ்ஞத்தில் மத்திய கடல் மீன்வள ஆராய்ச்சி நிலையத்தின் மையம் இருக்கிறது. குமரியிலிருந்து பஸ்ஸில் போய்க் கொடுத்துவிட்டு வரக்கூடிய தூரம்தான்.

வணக்கம்.